இரண்டு மாதம் வேறு, 60 நாள் வேறு

ஞாயிற்றுக்கிழமைக் காலையில் சந்தைக்குப் போகும் வேலையைத் தள்ளிவைத்துவிட்டு வந்திருக்கும் அம்மாக்களே, அப்பாக்களே, இரவு வேலை முடிந்து வீட்டுக்குக்கூடப் போகாமல் நேராக இங்கு வந்து பின்வரிசையில் அமர்ந்திருக்கும் தங்கைகளே! உங்களுக்குத் தூக்கம் வந்தால் தூங்குங்கள். நான் கோபித்துக்கொள்ள மாட்டேன். ஆனால் அம்மாவை விழித்திருக்கச் சொல்லுங்கள். நான் இன்று சொல்லப்போவது வீட்டில் இரண்டு பேருக்காவது தெரிந்திருக்க வேண்டிய விசயம்.

சில ஆண்டுகளுக்கு முன், ஒரு செப்டம்பர் முதல் தேதி, காலை ஒன்பது மணிக்கே ஓர் அம்மா என் அலுவலக வாசலில் நின்றுகொண்டிருந்தார். ரப்பர் தோட்டத்தில் பால் வெட்டியவர். தோட்டம் கைமாறிய பிறகு பட்டணத்து அடுக்குமாடி வீட்டுக்கு வந்து, பள்ளிக்கூடக் கேன்டீனில் பாத்திரம் கழுவி மகளைத் தாதிப் படிப்பு படிக்க வைத்தவர். அந்த மகள் ஒரு தனியார் மருத்துவமனையில் ஐந்து வருடம் வேலை செய்தாள். ஜூன் 30 இரவு வேலை. வார்டு முழுக்க நோயாளிகள், இரண்டே தாதியர். ஒருவருக்குக் கொடுக்க வேண்டிய மருந்து பக்கத்துக் கட்டில்காரருக்குப் போய்விட்டது. அவளே கண்டுபிடித்தாள், டாக்டரைக் கூப்பிட்டாள், அறிக்கையும் எழுதினாள். நோயாளிக்கு ஒன்றும் ஆகவில்லை.

மறுநாள் ஜூலை 1. காலையில் பாஸ்-ஓவர் முடித்துவிட்டுக் கைப்பையை எடுக்கும்போது நிர்வாக அறைக்கு வரச் சொன்னார்கள். மேசையில் இரண்டு தாள்கள். ஒன்று அவள் பெயரில் தட்டச்சு செய்யப்பட்ட ராஜினாமாக் கடிதம். மற்றொன்று பணிநீக்கக் கடிதம். "இதில் கையெழுத்துப் போட்டால் நல்ல பெயரோடு போகலாம். இல்லையென்றால் அது. தாதியர் வாரியத்துக்கும் புகார் போகும்." பன்னிரண்டு மணி நேரம் நின்ற கால். பசி. பயம். கையெழுத்துப் போட்டாள்.

அம்மா என்னிடம் கேட்டார்: "தம்பி, ரெண்டு மாசத்துக்குள்ள வந்தா கேஸ் போடலாம்னு பக்கத்து வீட்டுல சொன்னாங்க. பொண்ணு ஒரு மாசம் அறைய விட்டே வெளிய வரல. சுதந்திர தின லீவும் போகட்டும்னு இருந்தேன். இன்னிக்குச் சரியா ரெண்டு மாசம்."

சரியாக இரண்டு மாதம்தான். ஆனால் சட்டத்தில் இரண்டு மாதம் என்று எழுதவில்லை. 60 நாள் என்று எழுதியிருக்கிறது. ஜூலைக்கு 31 நாள், ஆகஸ்டுக்கு 31 நாள். ஜூலை 1-இல் வேலை போனவளுக்கு 60-ஆவது நாள் ஆகஸ்டு 30. அந்த அம்மா வந்தது 62-ஆவது நாள். இரண்டு நாள் தாமதம். நான் விரலை மடக்கி மூன்று முறை எண்ணிப் பார்த்தேன். எத்தனை முறை எண்ணினாலும் 62.

தொழிலியல் உறவுச் சட்டம் 1967, 20-ஆவது பிரிவு. நியாயமான காரணம் இல்லாமல் வேலையிலிருந்து நீக்கப்பட்டேன், என் வேலை எனக்குத் திரும்ப வேண்டும் என்று தொழிலாளி தொழிலியல் உறவு இலாகாவில் மனுக் கொடுக்கலாம். அரசாங்கப் பேச்சில் அதற்கு ஜபாத்தான் பெர்ஹுபுங்கான் பெருசாஹான் என்று பெயர், சுருக்கமாக ஜேபிபி. காசு கட்ட வேண்டியதில்லை. வழக்கறிஞர் தேவையில்லை. ஆனால் 60 நாளுக்குள் மனு போய்ச் சேர வேண்டும். நாள் கடந்தால் மனுவை ஏற்க இலாகாவுக்கே அதிகாரம் கிடையாது. அழுதாலும் இல்லை, மருத்துவச் சான்று காட்டினாலும் இல்லை. நோட்டீஸ் கொடுத்து நீக்கினார்கள் என்றால் நோட்டீஸ் காலத்திலேயே மனுக் கொடுக்கலாம். அந்தக் காலம் முடிந்த நாளிலிருந்து 60 நாள் வரை இடமுண்டு. பாதுகாப்பான வழி ஒன்றுதான்: கடிதம் கைக்கு வந்த வாரமே போய்விடுங்கள்.

சிவில் நீதிமன்றம் இருக்கிறதே என்று கேட்பீர்கள். இருக்கிறது. ஆறு ஆண்டு அவகாசமும் இருக்கிறது. ஆனால் அங்கே பெரும்பாலும் கிடைப்பது நோட்டீஸ் காலச் சம்பளம் மட்டுமே. அந்தப் பெண்ணுக்கு ஒரு மாதச் சம்பளம். அதற்கு வழக்குப் போட்டால் செலவு அதைவிட அதிகம். அன்று நான் அந்த அம்மாவுக்குத் தேநீர் வாங்கிக் கொடுத்தேன். அதைத் தவிர வேறொன்றும் செய்ய முடியவில்லை.

இந்த 20-ஆவது பிரிவின் அருமை தெரிய வேண்டுமானால், அது எதற்குப் பதிலாக வந்தது என்று தெரிய வேண்டும். தொழிலாளிக்குப் பழைய ஆயுதம் வேலைநிறுத்தம். 1965-இல், இந்தோனேசியாவுடன் மோதல் நடந்துகொண்டிருந்த காலத்தில், அத்தியாவசியச் சேவைகளில் வேலைநிறுத்தம் கூடாது என்று அவசரகால விதிகள் வந்தன. அதற்கு ஈடாகக் கட்டாய நடுவர் மன்றம் ஒன்றை ஏற்படுத்தினார்கள். மோதல் முடிந்தது, விதிகளின் சாரம் மட்டும் 1967-ஆம் ஆண்டுச் சட்டமாக நிலைத்துவிட்டது. அந்த நடுவர் மன்றம்தான் பிறகு தொழிலியல் நீதிமன்றம் ஆயிற்று. ஆக, இந்த நீதிமன்றம் யாரும் நமக்குப் போட்ட பிச்சை அல்ல. ஒன்றைப் பிடுங்கிக்கொண்டு, அதற்கு மாற்றாகக் கொடுத்தது.

பொதுச் சுகாதாரச் சேவை அந்தச் சட்டத்தின் அத்தியாவசியப் பட்டியலில் இருக்கிறது. எனவே மருத்துவமனைத் தாதியர் வேலைநிறுத்தம் செய்ய வேண்டுமென்றால் முன்கூட்டியே நோட்டீஸ் கொடுக்க வேண்டும். கொடுத்து 21 நாள் ஆவதற்குள் இறங்கக்கூடாது. அதற்குள் சமரசப் பேச்சு நடக்கும். பேச்சு முறிந்தால் அமைச்சர் தகராறைத் தாமாகவே நீதிமன்றத்துக்கு அனுப்பலாம். அனுப்பிவிட்டால் வேலைநிறுத்தம் சட்டவிரோதம். காகிதத்தில் உரிமை, கையில் ஒன்றுமில்லை. மறியல் செய்தாலும் நிம்மதி கிடையாது. 2020 ஜூன் 2-ஆம் நாள் ஈப்போ ராஜா பெர்மாய்சூரி பைனுன் மருத்துவமனைக்கு முன்னால், துப்புரவுத் தொழிலாளர்களுக்காக நின்ற தொழிற்சங்கத்தைச் சேர்ந்த 5 பேர் கைது செய்யப்பட்டதை நீங்கள் மறந்திருக்க மாட்டீர்கள். நாடே மருத்துவமனை ஊழியர்களுக்குக் கைதட்டிக்கொண்டிருந்த ஆண்டு அது.

நோயாளியை விட்டுவிட்டுத் தாதி வெளியே வந்து நிற்கக்கூடாது என்பதில் ஒரு நியாயம் இருக்கிறது. நான் மறுக்கவில்லை. என் அம்மாவும் தோட்டத்து ஆஸ்பத்திரியில் ஆயாவாக இருந்தவர். டிரசர் ஊரில் இல்லாத இரவில் பிரசவ வலியோடு வந்தவளை விட்டுவிட்டு அவர் வீட்டுக்கு வந்ததில்லை. ஆனால் உன் சேவை அத்தியாவசியம் என்று சொல்லி ஆயுதத்தை வாங்கிக்கொண்டவர்கள், ஒரு நாள் காலையில் பத்தே நிமிடத்தில் நீ தேவையில்லை என்றும் சொல்லிவிடுகிறார்கள். அந்தப் பத்து நிமிடத்துக்குக் கேள்வி கேட்கும் இடம்தான் தொழிலியல் நீதிமன்றம்.

சரி, அந்த ராஜினாமாக் கடிதத்துக்கு ஏன் அவ்வளவு அவசரம் காட்டினார்கள்? இதைக் கவனமாகக் கேளுங்கள்.

மருத்துவமனை உங்களை நீக்கினால், நீக்கியதற்கு நியாயமான காரணம் உண்டு என்று மருத்துவமனைதான் நிரூபிக்க வேண்டும். அவர்கள்தான் முதலில் சாட்சி கொண்டுவர வேண்டும். அவர்கள்தான் ஆவணத்தைக் காட்ட வேண்டும். நீங்களே விலகினீர்கள் என்று ஒரு தாள் இருந்தால் நிலைமை தலைகீழாகிவிடும். "நாங்கள் எங்கே நீக்கினோம், அவரே போனார்" என்பார்கள். அப்போது, நான் மனதார விலகவில்லை, என்னை விலக வைத்தார்கள் என்று நீங்கள் நிரூபிக்க வேண்டும். அறைக்குள் இருந்தவர்கள் மூன்று பேர். அதில் இருவர் மருத்துவமனை ஆட்கள். உங்களுக்குச் சாட்சி யார்? மின்விசிறியா? ஒரு கையெழுத்து, வழக்கின் பாரத்தை அவர்கள் தோளிலிருந்து இறக்கி உங்கள் தோளில் வைத்துவிடுகிறது.

கட்டாயப்படுத்தி வாங்கிய ராஜினாமாவும் பணிநீக்கம்தான். 'விலகு, இல்லையென்றால் நீக்குவேன்' என்று மிரட்டி வாங்கியது ராஜினாமா ஆகாது என்பதை நீதிமன்றங்கள் ஏற்றிருக்கின்றன. ஆகவே கையெழுத்துப் போட்டுவிட்டவர்களும் கதை முடிந்தது என்று படுத்துவிடக்கூடாது. அன்றைக்கே, தூங்குவதற்கு முன்பே, மருத்துவமனைக்கு ஒரு மின்னஞ்சலோ வாட்ஸ்அப் செய்தியோ அனுப்புங்கள்: இன்று காலை இத்தனை மணிக்கு, இந்த அறையில், இன்னார் இப்படிச் சொன்னதால் பயத்தில் கையெழுத்திட்டேன், எனக்கு வேலையை விட விருப்பமில்லை, நாளை வேலைக்கு வரத் தயார். போலீஸ் நிலையத்தில் ஒரு புகாரும் கொடுங்கள். போலீஸ் ஒன்றும் செய்யாது, அது வேறு. ஆனால் தேதியும் மணியும் போட்ட ஒரு தாள் உங்கள் கையில் இருக்கும். ஒரு வாரம் கழித்து எழுதியதைவிட அதே நாளில் எழுதியதற்கு நீதிமன்றத்தில் எடை அதிகம்.

வாரியத்துக்குப் புகார் போகும் என்ற பயமுறுத்தலைப் பற்றியும் சொல்லிவிடுகிறேன். பதிவும் ஆண்டுதோறும் புதுப்பிக்கும் சான்றிதழும் தாதியர் வாரியத்தின் வேலை. வேலையிலிருந்து நீக்குவது முதலாளியின் வேலை. இரண்டும் வேறு வேறு. ராஜினாமாச் செய்தால் வாரியத்துக்குப் போகாது என்பதற்கு எந்தச் சட்டமும் உத்தரவாதம் தரவில்லை. வாக்குறுதி வாய்மொழி, உங்கள் கையெழுத்தோ மையில்.

இன்னொரு அக்காவின் வழக்கைச் சொல்கிறேன். அவரும் தனியார் மருத்துவமனைதான், வேறு ஊர். 17 வருட வேலை. அவரிடமும் இதே மாதிரித் தாளை நீட்டினார்கள். அவர் பெரிய சட்டமெல்லாம் பேசவில்லை. "வீட்டுக்காரரைக் கேக்கணும், தாளக் குடுங்க, நாளைக்கு வரேன்" என்றார். அதிகாரி சிரித்தாராம். சிரிக்கட்டும்! அந்த ஒரு வார்த்தைதான் அவரைக் காப்பாற்றியது. பத்து நாள் கழித்து அவர்களே பணிநீக்கக் கடிதம் கொடுக்க வேண்டியதாயிற்று. நான்காம் நாள் அவர் ஜேபிபி படியேறிவிட்டார்.

அங்கே முதலில் சமரசப் பேச்சு. அந்த அறைக்குள் வழக்கறிஞர் வர முடியாது. நீங்கள்தான் பேச வேண்டும். நீங்கள் எழுதிக் கொடுத்தால் சங்கத்து ஆள் உங்களுக்காகப் பேசலாம். பல வழக்குகள் அந்த மேசையிலேயே பணத்தோடு முடிந்துவிடும். முடியாவிட்டால் வழக்கு தொழிலியல் நீதிமன்றத்துக்குப் போகும். முன்பெல்லாம் அனுப்புவதா வேண்டாமா என்று மனிதவள அமைச்சர் முடிவு செய்வார். அமைச்சரின் மேசையிலேயே உறங்கிச் செத்த மனுக்கள் உண்டு. 2021 ஜனவரி 1 முதல் அந்த அதிகாரம் அமைச்சரிடம் இல்லை. சமரசம் முறிந்தால் இலாகாவின் தலைமை இயக்குநரே நேரடியாக அனுப்பிவிடுவார். நம் பக்கம் விழுந்த சில மாற்றங்களில் இது ஒன்று.

அக்காவின் வழக்கில் மருத்துவமனை ஒரு பெரிய கோப்பைக் கொண்டுவந்தது. முதல் வாதம் என்ன தெரியுமா? வேலை நியமனக் கடிதத்தில், இரு தரப்பில் யார் வேண்டுமானாலும் ஒரு மாத நோட்டீஸ் கொடுத்து ஒப்பந்தத்தை முடித்துக்கொள்ளலாம் என்று இருக்கிறது, நாங்கள் ஒரு மாதச் சம்பளம் கொடுத்துவிட்டோம், கணக்குத் தீர்ந்தது. உங்கள் வீட்டிலிருக்கும் நியமனக் கடிதத்தை எடுத்துப் பாருங்கள், அதிலும் இந்த வரி இருக்கும். நம் ஆட்கள் பலர் இதைப் படித்துவிட்டுத்தான், சட்டப்படி கொடுத்துவிட்டார்களே என்று சும்மா இருந்துவிடுகிறார்கள்.

இந்த வாதம் 1981-லேயே கூட்டரசு நீதிமன்றத்தில் தோற்றுப்போன வாதம். அதுவும் ஒரு மருத்துவமனை வழக்கில். பெட்டாலிங் ஜெயா அசுந்தா மருத்துவமனைக்கும் டாக்டர் தத் என்பவருக்கும் நடந்த வழக்கு அது. ஒப்பந்தப்படி நோட்டீஸ் கொடுத்தாலும், காரணமில்லாமல் நீக்கினார்கள் என்று தொழிலாளி எதிர்த்துக் கேட்டால், அது வெறும் ஒப்பந்த முடிவு என்று தப்பிக்க முடியாது, நியாயமான காரணத்தைக் காட்டித்தான் ஆக வேண்டும் என்று நீதிமன்றம் சொன்னது. வேலையைத் திரும்பக் கொடுக்க முடியாத நிலையில் பணமாக இழப்பீடு கொடுக்கவும் தொழிலியல் நீதிமன்றத்துக்கு அதிகாரம் உண்டு என்பதும் அந்த வழக்கில் உறுதியானது. தத் ஒரு டாக்டர். ஆனால் அந்தத் தீர்ப்பின் நிழலில் வார்டு கூட்டும் அம்மாவும் ஒதுங்கலாம்.

தோட்டத்தில் வளர்ந்தவர்களுக்கு இதன் பொருள் நன்றாகப் புரியும். பெரட்டுக் களத்தில் காலையில் பெயர் கூப்பிடாவிட்டால் அன்றோடு வேலை போயிற்று. ஏன் என்று கேட்டால் மண்டோர் முறைப்பார். ஏன் என்று கேட்கலாம், பதில் சொல்லித்தான் ஆக வேண்டும் என்று ஆனதுதான் நம் வாழ்நாளில் நடந்த மாற்றம்.

மருத்துவமனையின் அடுத்த வாதம், மருந்து தவறியது உண்மை என்பது. உண்மைதான். அக்கா மறுக்கவில்லை, நானும் மறுக்கச் சொல்லவில்லை. தொழிலியல் நீதிமன்றம் இரண்டு கேள்வி கேட்கும். தவறு நடந்ததா? நடந்திருந்தால் அது வேலையைப் பறிக்கும் அளவுக்குப் பெரியதா? இரண்டாவது கேள்வியில்தான் எங்கள் உயிர் இருந்தது. 17 வருடத்தில் ஓர் எச்சரிக்கைக் கடிதம்கூட இல்லை. அந்த மாதத்து ரோஸ்டரைக் கேட்டு வாங்கினோம். விடுப்பில் போனவர்களுக்கு மாற்று ஆள் போடாமல், அக்காவை ஒரே வாரத்தில் எத்தனை இரட்டை ஷிப்டு நிற்க வைத்தார்கள் என்பது அவர்கள் தாளிலேயே இருந்தது. வார்டு மேற்பார்வையாளர் சாட்சிக் கூண்டில் ஏறி, ஆள் போதவில்லை என்று தாமே மேலிடத்துக்கு எழுதியதை ஒப்புக்கொண்டார். நல்ல மனிதர். இன்னும் அங்கேதான் வேலை செய்கிறாரா என்று தெரியாது.

இந்த நீதிமன்றம் வழக்கின் சாரத்தையும் நியாயத்தையும் மனச்சாட்சியையும் பார்த்துத் தீர்ப்பு சொல்ல வேண்டும், சட்ட நுணுக்கங்களில் சிக்கிக்கொள்ளக்கூடாது என்று சட்டத்தின் 30-ஆவது பிரிவே சொல்கிறது. எல்லாத் தலைவர்களும் அப்படியே நடந்துகொள்கிறார்கள் என்று நான் சத்தியம் செய்ய மாட்டேன். அக்காவுக்கு வாய்த்தவர் நடந்துகொண்டார்.

வென்றோம். ஆனால் எதை வென்றோம் என்பதையும் மறைக்காமல் சொல்ல வேண்டும். நிரந்தர ஊழியருக்குச் சம்பள பாக்கி அதிகபட்சம் 24 மாதம். சோதனைக் காலத்தில் இருப்பவருக்கு 12 மாதம். அதிலிருந்து, இடையில் வேறு இடத்தில் சம்பாதித்ததற்குக் கழிப்பார்கள். தொழிலாளியின் தவறும் இருந்தால் அதற்கும் கழிப்பார்கள். அக்காவுக்கு இரண்டுக்கும் கழித்தார்கள். பழைய வேலைக்குப் பதில், வருடத்துக்கு ஒரு மாதம் என்ற கணக்கில் 17 மாதச் சம்பளம். வேலை திரும்பக் கிடைக்கவில்லை. நம்பிக்கை முறிந்துவிட்டது என்று மருத்துவமனை சொன்னது, நீதிமன்றமும் ஏற்றுக்கொண்டது. அதற்குள் இரண்டு தீபாவளி போய்விட்டது. மருத்துவமனை உயர்நீதிமன்றத்துக்குப் போனதால் மூன்றாவதும் போயிற்று. காசோலையை வாங்கும்போது அக்கா, "காசு சரி தம்பி, என்னை அந்த வார்டுல திரும்ப ஒரு நாளாவது நிக்க விட்டிருக்கலாம்" என்றார். அதற்கு என்னிடம் பதில் இல்லை.

ஆனாலும் மனுவில் 'என் வேலை எனக்குத் திரும்ப வேண்டும்' என்றே எழுதுங்கள். பணம் போதும் என்று எழுதாதீர்கள். 20-ஆவது பிரிவு திறந்திருப்பதே வேலையைத் திரும்பக் கேட்பவர்களுக்காகத்தான்.

இங்கே தங்கைகளுக்கு ஓர் எச்சரிக்கை. ஆதாரம் சேர்க்கிறேன் என்று நோயாளியின் கோப்பைக் கைப்பேசியில் படம் எடுக்காதீர்கள். உங்கள் வழக்கை அதுவே கொன்றுவிடும். உங்கள் நியமனக் கடிதம், சம்பளச் சீட்டு, உங்கள் பெயருள்ள ரோஸ்டர், உங்களுக்கு வந்த கடிதங்கள். இவை போதும். மற்றதை நீதிமன்றத்தின் வழியாகக் கேட்டு வாங்கலாம். உள்விசாரணைக்குக் கூப்பிட்டால் போங்கள். போகாமல் இருந்துவிட்டு, விசாரணையே சரியில்லை என்று பிறகு சொல்வதில் பயனில்லை. விசாரணையில் குறை இருந்தாலும் நீதிமன்றமே எல்லாவற்றையும் புதிதாக விசாரிக்க முடியும்.

அரசாங்க மருத்துவமனைத் தாதியர் இங்கே சிலர் இருக்கிறீர்கள். உங்களுக்கு நான் இதுவரை சொன்ன கதவு கிடையாது. சட்டத்தின் 52-ஆவது பிரிவு அரசாங்கப் பணியை வெளியே நிறுத்திவிட்டது. உங்களுக்குக் கூட்டரசு அரசியலமைப்பின் 135-ஆவது விதி இருக்கிறது: சொல்ல வேண்டியதைச் சொல்ல நியாயமான வாய்ப்புத் தராமல் பணிநீக்கமோ பதவிக் குறைப்போ செய்யக்கூடாது. அது மீறப்பட்டால் உயர்நீதிமன்றத்தில் நீதிமுறை மறுஆய்வு கேட்க வேண்டும்; அதற்கு 3 மாத அவகாசம். செலவு பிடிக்கும் பாதை. உங்கள் சங்கத்தை முன்னால் வைத்துக்கொண்டு போங்கள்.

இப்போது அப்பாக்கள் கவனிக்க வேண்டிய இடம். இதுவரை நாம் நீதிமன்றத்தைத் தேடிப் போன கதை. நீதிமன்றம் உங்களைத் தேடி வரும் கதையும் உண்டு. 'பாண்டு' என்கிறீர்களே, அது.

பிள்ளை எஸ்பிஎம் முடித்ததும் ஒரு தனியார் மருத்துவமனை தன் கல்லூரியில் மூன்று வருட டிப்ளோமா படிக்க வைக்கிறது. படித்து முடித்து இத்தனை வருடம் எங்களிடம் வேலை செய்ய வேண்டும், இடையில் போனால் இவ்வளவு ஆயிரம் ரிங்கிட் கட்ட வேண்டும் என்று ஓர் ஒப்பந்தம். கடைசிப் பக்கத்தில் உத்தரவாதம் கொடுப்பவராக அப்பாவின் கையெழுத்து. பெரும்பாலும் படிக்காமலே போட்ட கையெழுத்து. மகள் சிங்கப்பூரிலோ சவூதியிலோ நல்ல சம்பளம் கிடைக்கிறது என்று போனால் சம்மன் அப்பாவுக்கு வரும். 100,000 ரிங்கிட் வரையுள்ள வழக்கு மாஜிஸ்திரேட் நீதிமன்றத்தில் நடக்கும்.

சம்மன் வந்தால் சாமி படத்துக்குப் பின்னால் வைத்துவிடாதீர்கள். நான் பார்த்த வீடுகளில் பாதிக்கு மேல் அங்கேதான் வைக்கிறார்கள். நீங்கள் போகாவிட்டால், நீங்கள் இல்லாமலே தீர்ப்பு வந்துவிடும். முழுத் தொகைக்கும்.

போனால் என்ன சொல்லலாம்? ஒப்பந்தத்தில் ஒரு தொகையை எழுதிவிட்டதாலேயே அதை அப்படியே வாங்கிவிட முடியாது. ஒப்பந்தச் சட்டம் 1950, 75-ஆவது பிரிவின்படி கிடைப்பது நியாயமான இழப்பீடு மட்டுமே. எழுதிய தொகை அதன் உச்சவரம்பு. 1995-இல் செல்வகுமார் எதிர் தியாகராஜா வழக்கில், ஒரு மருத்துவர் தம் மருத்துவத் தொழிலை இன்னொருவருக்கு விற்ற தகராறில், உண்மையான இழப்பை நிரூபி என்று கூட்டரசு நீதிமன்றம் சொன்னது. அது நமக்குப் பெரிய கேடயமாக இருந்தது. பிறகு கியூபிக் எலெக்ட்ரானிக்ஸ் வழக்கில் அதே நீதிமன்றம் நிலையை மாற்றிக்கொண்டது. அது 2019-ஆம் ஆண்டுச் சட்ட அறிக்கைகளில் இருக்கிறது. இப்போது எல்லா வழக்கிலும் இழப்பை நிரூபிக்க வேண்டியதில்லை. எழுதிய தொகை நியாயமற்றது என்று ஒப்பந்தத்தை மீறியவர்தான் காட்ட வேண்டும். கேடயம் மெலிந்துவிட்டது, உடைந்துவிடவில்லை. ஐந்து வருட ஒப்பந்தத்தில் நான்கு வருடம் வேலை செய்துவிட்டுப் போனவளிடமும், நான்கு மாதத்தில் போனவளிடமும் ஒரே தொகை கேட்கிறார்களா? படிக்கும் மூன்று வருடத்திலும் பயிற்சி என்ற பெயரில் வார்டில் அவள் செய்த வேலைக்குக் கணக்கு எங்கே? இவற்றை நீதிமன்றத்தில் சொல்ல வேண்டும். சொல்ல வேண்டுமானால் போக வேண்டும்.

வயதையும் பாருங்கள். நம் நாட்டில் 18 வயதுக்குக் கீழ் போட்ட ஒப்பந்தம் பொதுவாகச் செல்லாது. 1971-இல் அரசாங்கத்துக்கும் குர்சரண் சிங்குக்கும் நடந்த வழக்கில், சிறுவயதில் போட்ட ஆசிரியர் பயிற்சி ஒப்பந்தம் செல்லாது, ஆனால் கல்வி அத்தியாவசியத் தேவை என்பதால் அதற்கான நியாயமான செலவைக் கேட்கலாம் என்று தீர்ப்பானது. அரசாங்கம் விழித்துக்கொண்டு 1976-இல் சட்டத்தைத் திருத்தி, அரசாங்க உதவிச் சம்பள ஒப்பந்தங்களுக்கு வயதுக் குறை சொல்ல முடியாதபடி செய்துவிட்டது. ஆகவே அரசாங்கக் கல்லூரியில் படித்தவர்கள் இதை நம்ப வேண்டாம். தனியார் மருத்துவமனையோடு 17 வயதில் கையெழுத்திட்டவர்கள் அந்தத் தாளை என்னிடம் காட்டுங்கள். உங்கள் அப்பா போட்ட உத்தரவாதத்தின் வாசகத்தையும் தனியாகப் படிக்க வேண்டும். எல்லா ஒப்பந்தத்திலும் அது ஒரே மாதிரி இருப்பதில்லை.

அந்த முதல் அம்மாவின் மகளைப் பற்றிக் கேட்பீர்கள். ஒரு கிளினிக்கில் குறைந்த சம்பளத்துக்குச் சேர்ந்தாள். பிறகு டயாலிசிஸ் நிலையம் ஒன்றுக்குப் போனாள். இப்போது நன்றாக இருக்கிறாள். போன வருடம் அவள் கூட வேலை செய்யும் பெண் ஒருத்திக்குப் பிரச்சினை வந்தபோது, கடிதம் கொடுத்த அன்று மாலையே கையைப் பிடித்து இழுத்துக்கொண்டு என் அலுவலகத்துக்கு வந்துவிட்டாள். வரும் வழியிலேயே கைப்பேசி நாட்காட்டியில் 60-ஆவது நாளைக் குறித்திருந்தாள். நான் சரிபார்த்தேன். ஒரு நாள்கூடப் பிசகவில்லை.

நான் பேசியது போதும். மணி பன்னிரண்டாகப் போகிறது. சாப்பாடு தயார் என்கிறார்கள். சாப்பிட்ட பிறகு வலப்பக்க மேசையில் மூன்று மணி வரை இருப்பேன். நியமனக் கடிதம், பாண்டு, சம்மன், எது கொண்டுவந்திருந்தாலும் காட்டலாம். இந்த மாதம் கடிதம் வாங்கியவர்கள் யாராவது இருந்தால் அவர்கள் சாப்பிடுவதற்கு முன்பே வாருங்கள்.